எங்கள் பெட்டைக்கோழி ஏன் கூவுகிறது?

கேள்வி:

டாக்டர் ஐயாவுக்கு வணக்கம். திண்டுக்கல் பக்கம் ஒரு கிராமத்தில் இருக்கிறோம். வீட்டில் ஏழெட்டு நாட்டுக்கோழிகள். அதில் கருப்பி என்று ஒன்று, சிறுவிடை, நாலு வயது இருக்கும். மூன்று தடவை அடைவைத்துக் குஞ்சு இறக்கியிருக்கிறோம். சித்திரையிலிருந்து முட்டை இடவில்லை. வயதாகிவிட்டது போல என்று விட்டுவிட்டோம். ஆடி மாதம் பார்த்தால் கொண்டை சேவலுக்கு இருப்பதுபோலச் சிவந்து பெருத்திருக்கிறது. பிறகு ஒருநாள் விடியற்காலையில் கூவியது! முதலில் தொண்டை கட்டினாற்போல இருந்தது, இப்போது நன்றாகவே கூவுகிறது. இறகு கொட்டி முளைத்தபோது கழுத்திலும் வால் பக்கமும் மினுமினுவென்று கூரான இறகுகள் வந்துவிட்டன. காலில் முள் தட்டுப்படுகிறது. மற்ற பெட்டைகளை மிதிக்கவும் போகிறது. வீட்டிலிருந்த சேவலைப் போன தீபாவளிக்கு அறுத்துவிட்டோம்.

"பெட்டை கூவினால் குடும்பத்துக்கு ஆகாது, அறுத்துப்போடு" என்கிறார் என் அத்தை. கழிச்சலுக்குப் போட்ட தடுப்பூசியால் வந்த வினை என்கிறார் பக்கத்து வீட்டுக்காரர். பத்தாவது படிக்கும் என் மகள், "மனுஷங்களுக்கும் இப்படி ஆகுமாம்மா?" என்று கேட்கிறாள். அறுக்கவா, வைத்திருக்கவா? அறுத்தால் சாப்பிடலாமா? மற்ற கோழிகளுக்குத் தொற்றுமா?

— ஒரு வாசகி

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

கருப்பியை இன்றைக்கு அறுக்க வேண்டாம். நான் சொல்லி முடிக்கும்வரை அரிவாள்மனை அடுப்படியிலேயே இருக்கட்டும்.

உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். கால்நடை மருந்தகத்துக்கு வருகிறவர்களில் பாதிப்பேர் "கோழி ஒரு மாதிரியா இருக்கு சார்" என்பதோடு நிறுத்திக்கொள்வார்கள். நீங்கள் முட்டை நின்றது, கொண்டை பெருத்தது, கூவியது, இறகு மாறியது, முள் வந்தது என்று வரிசை மாறாமல் எழுதியிருக்கிறீர்கள். அந்த வரிசையே எனக்குப் பாதி நோயறிதலைச் செய்து கொடுத்துவிட்டது.

கூவியது மட்டும்தான் என்றால் நான் பெரிதாக எடுத்துக்கொண்டிருக்க மாட்டேன். சேவல் இல்லாத கூட்டத்தில் பலசாலியான பெட்டை ஒன்று தலைமையை எடுத்துக்கொள்ளும். அரைகுறையாகக் கூவும், மற்றவற்றின் மேல் ஏறவும் பார்க்கும். வேறொரு சேவலைக் கொண்டுவந்து விட்டால் மறுநாளே அடங்கிவிடும். உங்கள் வீட்டுச் சேவல் தீபாவளியோடு போய்விட்டது என்று படித்ததும் முதலில் இதைத்தான் நினைத்தேன். ஆனால் தலைமை கிடைத்தால் குரல் மாறலாம், இறகு மாறாது. கழுத்திலும் வாலடியிலும் கூரான, பளபளக்கும் இறகு முளைத்துவிட்டது என்றால் காரணம் வயிற்றுக்குள் இருக்கிறது.

ஆட்டுக்கும் மாட்டுக்கும் நமக்கும் சினைப்பை இரண்டு. கோழிக்கு வேலை செய்வது ஒன்றுதான், இடப்பக்கத்தது. வலப்பக்கத்தில் இருப்பது கருவிலேயே வளர்ச்சி நின்றுபோன ஒரு சிறு துணுக்கு. இடப்பக்கச் சினைப்பை முட்டைக்கருவை உருவாக்குவதோடு ஈஸ்ட்ரோஜன் என்கிற பெண் ஹார்மோனையும் சுரக்கிறது. அந்தச் சுரப்பு இருக்கிறவரை வலப்பக்கத் துணுக்கு வாயைத் திறக்காது.

இடப்பக்கத்துக்குக் கேடு வந்தால் என்ன ஆகும்? கேடு பலவிதம்: நீர்க்கட்டி, புற்றுக்கட்டி, அழற்சி, கோழிகளுக்கு வரும் காசநோய். பணியில் இருந்த காலத்தில் இப்படிச் சேவல் கோலம் பூண்ட பெட்டைகள் சிலவற்றை அறுத்துப் பார்த்திருக்கிறேன். ஒன்றில் சினைப்பை இருக்க வேண்டிய இடத்தில் எலுமிச்சம்பழ அளவுக்குக் கட்டி. இன்னொன்றில் சினைப்பை பிஞ்சிலேயே காய்ந்த பூவைப் போலச் சுருங்கிக் கிடந்தது. இரண்டிலும் வலப்பக்கத் துணுக்கு பருத்து, விதைப்பையைப் போல வெளுத்திருந்தது. அடக்கி வைத்திருந்த ஈஸ்ட்ரோஜன் போனதும் அது தன்பாட்டுக்கு வளர்ந்து, டெஸ்டோஸ்டிரோன் என்கிற ஆண் ஹார்மோனைச் சுரக்கத் தொடங்கியிருந்தது. கருப்பியின் கொண்டையும் கூவலும் அதனால் வந்தவை. கொண்டை என்பது ஆண் ஹார்மோனுக்கு மிகச் சீக்கிரம் மசிகிற சதை. சில வாரங்களில் வீங்கும், ஹார்மோன் வற்றினால் சில வாரங்களில் சுருங்கியும் விடும். அதனால்தான் உங்கள் கண்ணில் முதலில் அது பட்டது.

இறகின் கதை வேறு. எனக்கு இந்த விஷயத்தில் மிகவும் பிடித்த இடமும் இதுதான், கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

சேவலின் தோகையும் மினுமினுப்பும் ஆண் ஹார்மோனால் வருகின்றன என்றுதான் யாரும் நினைப்பார்கள். அப்படி இல்லை. ஒரு சேவலுக்குக் குஞ்சிலேயே விதைப்பையை எடுத்துவிட்டால் கொண்டை சூம்பிப்போகும், கூவாது, சண்டைக்குப் போகாது. ஆனால் இறகு மட்டும் சேவல் இறகாகவே இருக்கும். ஒரு பெட்டைக்குச் சினைப்பையை எடுத்துவிட்டால் அதற்கும் சேவல் இறகு முளைக்கும். ஆக ஆண், பெண் ஹார்மோன் இரண்டும் இல்லாத கோழியின் உடை சேவலின் உடை. பெட்டையின் அடக்கமான பழுப்பையும் கறுப்பையும்தான் ஈஸ்ட்ரோஜன் பார்த்துப் பார்த்து நெய்கிறது. நெய்கிறவள் கையை விட்டதும் அடியில் இருந்த பட்டு வெளியே தெரிகிறது. காலின் முள்ளும் அப்படித்தான். பெட்டையின் காலிலும் அதற்கான மொட்டு உண்டு, ஈஸ்ட்ரோஜன் அதைத் தலைதூக்க விடுவதில்லை.

இறகு ஏன் தாமதமாக மாறியது என்றால், முளைத்து முடிந்த இறகு நம் நகத்தைப் போல உயிரற்றது. அது நிறம் மாறாது. கொட்டி, புதிதாக முளைக்கிற இறகுதான் அன்றைய ரத்தத்தில் என்ன இருக்கிறதோ அதைக் கேட்டு உருவெடுக்கும். கருப்பி பழைய சேலையிலேயே கூவத் தொடங்கி, இறகு கொட்டிய பிறகு பட்டுக்கு மாறியது இதனால்தான்.

மயிலுக்கும் இதே கணக்கு. 1780இல் லண்டனில் ஜான் ஹண்டர் என்கிற அறுவை மருத்துவர் ஒரு பெண்மயிலைப் பற்றி எழுதினார். எட்டுத் தடவை குஞ்சு பொரித்த மயில் அது. முட்டையிடுவது நின்ற பிறகு இறகு கொட்டி, ஆண்மயிலின் கோலத்தோடு வந்து நின்றது. ஹார்மோன் என்ற சொல்லே அன்றைக்குக் கிடையாது. அதற்குப் பிறகு 1849இல் ஜெர்மனியின் கோட்டிங்கன் நகரில் ஆர்னால்ட் பெர்தோல்ட் ஆறு இளஞ்சேவல்களை வைத்து ஒரு சோதனை செய்தார். விதைப்பையை எடுத்துவிட்ட சேவல்கள் சூம்பிப்போயின. எடுத்த விதைப்பையை நரம்புத் தொடர்பு இல்லாமல் வயிற்றில் வேறோர் இடத்தில் பதித்த சேவல்களோ கொண்டை சிவந்து, கூவி, சண்டை போட்டன. ரத்தத்தின் வழியே ஏதோ ஒன்று போகிறது என்பது அப்போது புரிந்தது. இன்றைக்குச் சர்க்கரைக்கும் தைராய்டுக்கும் நாம் பார்க்கிற வைத்தியத்தின் தொடக்கப்புள்ளி ஒரு சேவலின் கொண்டை என்று சொன்னால் மிகை இல்லை.

விதிக்கு ஒரு விலக்கையும் சொல்லிவிடுகிறேன். இங்கிலாந்தில் செப்ரைட் என்று ஒரு குட்டைக் கோழி இனம் உண்டு. அதில் சேவலுக்கும் பெட்டை இறகுதான். கூவும், மிதிக்கும், குஞ்சுக்குத் தகப்பனாகும், ஆனால் உடை பெட்டையுடையது. அதன் தோலிலேயே அரோமடேஸ் என்கிற நொதி மிகுதியாக இருக்கிறது. ஆண் ஹார்மோனைப் பிடித்து அங்கேயே ஈஸ்ட்ரோஜனாக மாற்றிவிடுகிற நொதி அது. இறகின் வேருக்குப் போய்ச் சேர்வது பெண் ஹார்மோன், ஆகவே பெட்டை உடை. ஆந்திரத்தில் சேவற்கட்டுக்காரர்கள் 'பெட்டமாரு' என்று சொல்லும் சேவல்களும் பார்வைக்கு இப்படித்தான் இருக்கும். அரோமடேஸ் என்ற பெயரை மறந்துவிடாதீர்கள், உங்கள் மகளுக்குப் பதில் சொல்லும்போது மறுபடி வரும்.

அப்படியானால் கருப்பி சேவலாகிவிட்டதா? உடையிலும் குரலிலும் ஆம். உள்ளே இல்லை. கோழியில் ஆணுக்கு இசட் இசட் என்று ஒரே மாதிரி இரண்டு பால் குரோமோசோம்கள், பெட்டைக்கு இசட் டபிள்யூ. கருப்பியின் ஒவ்வொரு செல்லிலும் இன்றைக்கும் இசட் டபிள்யூதான். விந்து வெளியேறுவதற்கான சரியான குழாயும் இல்லை. மற்ற பெட்டைகளை மிதித்தாலும் முட்டையில் கரு பிடிக்காது. நூறு வருடத்துக்கு முன் எடின்பரோவில் பிரான்சிஸ் குரூ என்பவர் ஒரு பெட்டையைப் பற்றி எழுதினார். முட்டையிட்டுக் குஞ்சு வளர்த்த அதே கோழி, பிறகு சேவலாகி இரண்டு குஞ்சுகளுக்குத் தகப்பனும் ஆனதாம். இறந்த பிறகு பார்த்தால் சினைப்பை நோயால் அழிந்துபோயிருந்தது. 1923இல் வெளிவந்த அந்தச் செய்தியை இன்றுவரை எடுத்துச் சொல்கிறோம் என்பதிலிருந்தே அது எவ்வளவு அரிது என்று தெரிந்துகொள்ளுங்கள்.

உங்கள் மகளுக்கு ஆர்வம் இருந்தால் வீட்டிலேயே சோதித்துப் பார்க்கலாம். மற்ற பெட்டைகளின் முட்டையை அடைவைத்து, ஏழாம் நாள் இருட்டில் டார்ச் அடித்துப் பாருங்கள். சிலந்திவலை போல ரத்தநாளம் தெரிந்தால் கரு. ஆனால் அதற்கு முன் பக்கத்து வீட்டுச் சேவல் வேலி தாண்டுகிறதா என்று கவனித்துக்கொள்ளுங்கள். இல்லாவிட்டால் அவன் செய்த வேலைக்குக் கருப்பி பெயர் வாங்கிவிடும்.

அத்தை சொன்னதற்கு வருகிறேன். பெட்டைக்கோழி கூவிப் பொழுது விடியுமா என்று நம் ஊரில் ஒரு பழமொழி உண்டு. கோழியைச் சொல்வதாகச் சொல்லிப் பெண்களின் வாயை அடைக்கப் பயன்பட்டதுதான் அதிகம். கோழியைப் பார்த்து அரண்டது நம் ஊர் மட்டும் இல்லை. 1474இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் ஒரு சேவல் முட்டையிட்டது என்று வழக்கு நடத்தி, தீர்ப்புச் சொல்லி, முட்டையோடு சேர்த்து அதை எரித்தார்கள். சேவலிட்ட முட்டையிலிருந்து கொடிய நாகம் பிறக்கும் என்ற பயம். என் ஊகம், அது கருப்பியைப் போலச் சேவல் இறகு முளைத்த ஒரு பெட்டையாக இருந்திருக்கும், சினைப்பை முழுதாக அழியாததால் எப்போதாவது ஒரு முட்டை இட்டிருக்கும். அத்தையிடம் இந்தக் கதையைச் சொல்லுங்கள். கருப்பிக்கு வயிற்றில் ஏதோ நோவு, பாவம், என்று சொல்லிப் பாருங்கள். சகுனத்துக்கு இரங்காத மனசு நோவுக்கு இரங்கும். நான் கண்ட அனுபவம் அது.

இனி மகளின் கேள்வி. மனிதருக்கு இப்படி ஆகுமா?

ஆகாது. காரணம் அழகானது. கோழியில் இருக்கிற ஏற்பாடு பாலூட்டிகளில் தலைகீழ். கோழியில் பெண் வடிவத்துக்கு ஹார்மோன் உத்தரவு வேண்டும், உத்தரவு இல்லாவிட்டால் ஆண் உடை. நம்மில் ஆண் வடிவத்துக்கு உத்தரவு வேண்டும், இல்லாவிட்டால் பெண் வடிவம். கருவில் முதல் ஆறேழு வாரம் ஆணுக்கும் பெண்ணுக்கும் உள்ளே இருப்பவை ஒன்றே. அப்புறம் ஒய் குரோமோசோமில் இருக்கும் எஸ்ஆர்ஒய் என்ற மரபணு வேலை தொடங்கினால் விதைப்பை உருவாகிறது. அது சுரக்கிற ஹார்மோன்கள் மற்றதை ஆணாக வார்க்கின்றன. அந்த மரபணுவைக் கண்டுபிடித்தது 1990இல்தான். அதற்கு நாற்பது வருடம் முன்பே பாரிஸில் ஆல்பிரெட் ஜோஸ்ட் தாய்முயலின் வயிற்றுக்குள் இருந்த ஆண்குட்டிகளின் விதைப்பையை எடுத்துப் பார்த்திருந்தார். குட்டிகள் பெண் உறுப்புகளோடு வளர்ந்தன. ஆண்களுக்கு எதற்கு மார்க்காம்பு என்று உங்கள் மகள் கேட்டிருப்பாள், அல்லது கேட்கத் தயங்கியிருப்பாள். உத்தரவு வருமுன்பே இருவருக்கும் போட்டுவிட்ட புள்ளிகள் அவை.

சிலருக்கு ஒய் குரோமோசோம் இருக்கும், ஆண் ஹார்மோனும் சுரக்கும், ஆனால் அந்த ஹார்மோனைக் கேட்கிற காது செல்களில் இருக்காது. அவர்கள் பெண்ணாகவே பிறந்து பெண்ணாகவே வளர்கிறார்கள். மாதவிலக்கு வரவில்லை என்று டாக்டரிடம் போகும்போதுதான் பலருக்கும் விஷயமே தெரியவரும். டொமினிகன் குடியரசில் சலினாஸ் என்ற கிராமத்தில் வேறொரு வகை. பெண்குழந்தை என்று வளர்த்த சில பிள்ளைகளுக்குப் பருவம் வந்ததும் குரல் உடைந்து, ஆண்குறி வளர்ந்தது. 1974இல் மருத்துவர்கள் போய்ப் பார்த்தபோது, ஆண் ஹார்மோனை வலுவான இன்னொரு வடிவத்துக்கு மாற்றுகிற நொதி அவர்களுக்குப் பிறவியிலேயே குறைவு என்று தெரிந்தது. கருவில் புற உறுப்பு உருவாக அந்த வலுவான வடிவம் வேண்டும், பருவத்தில் பெருகுகிற சாதாரண வடிவமே மீதியைச் செய்துவிடும். கருப்பியின் கதை மாதிரித் தோன்றினாலும் இது வேறு. அந்தப் பிள்ளைகளிடம் முதல் நாளிலிருந்தே இருந்தது விதைப்பைதான்.

வயதான பெண்களுக்குத் தாடையில் நாலு முடி முளைப்பதை எல்லா வீட்டிலும் பார்க்கிறோம். மாதவிலக்கு நின்றபின் ஈஸ்ட்ரோஜன் வெகுவாகக் குறைகிறது, எப்போதும் கொஞ்சம் இருக்கும் ஆண் ஹார்மோனின் பேச்சு எடுபடுகிறது. கருப்பியோடு மனிதப் பெண்ணுக்கு உள்ள உறவு அவ்வளவுதான். இளவயதுப் பெண்ணுக்கு முகத்தில் முடி திடீரென்று அடர்ந்தால் அது வேறு, கூச்சப்படாமல் மகப்பேறு மருத்துவரையோ நாளமில்லாச் சுரப்பி மருத்துவரையோ பார்க்க வேண்டும். மாட்டு டாக்டர் சொன்னார் என்று மஞ்சள் பூசிக்கொண்டு உட்காரக் கூடாது.

பெண் ஹார்மோன், ஆண் ஹார்மோன் என்று நானும் எழுதிக்கொண்டே வந்தேன், பழக்கதோஷம். இரண்டும் இருவருக்கும் உண்டு. மனிதரில் ஆணின் சராசரி உயரம் பெண்ணைவிட 12, 13 சென்டிமீட்டர் கூடுதல். ஆண் ஹார்மோன் எலும்பை இழுத்து நீட்டுகிறது என்று நினைப்போம். நடப்பது வேறு. கை கால் எலும்புகளின் நுனியில் இருக்கும் குருத்து மூடிவிட்டால் வளர்த்தி நின்றுவிடும். அந்தக் குருத்தை மூடுவது பெண்ணிலும் ஆணிலும் ஈஸ்ட்ரோஜன்தான். பெண்பிள்ளைக்குப் பருவம் முன்னால் வருகிறது, குருத்தும் முன்னால் மூடுகிறது. பையனுக்கு இரண்டு வருடம் போல அவகாசம் கூடக் கிடைக்கிறது. பையனுக்கு ஈஸ்ட்ரோஜன் எங்கிருந்து வருகிறது? செப்ரைட் சேவலின் தோலில் பார்த்தோமே, அதே அரோமடேஸ், டெஸ்டோஸ்டிரோனை மாற்றித் தருகிறது. 1994இல் ஒரு நோயாளியைப் பற்றிய குறிப்பு வெளிவந்தது. 28 வயது, 204 சென்டிமீட்டர் உயரம், இன்னும் வளர்ந்துகொண்டிருந்தார். ஆண் ஹார்மோன் அவருக்குச் சரியாகவே இருந்தது. ஈஸ்ட்ரோஜனின் பேச்சைக் கேட்கிற ஏற்பாடுதான் அவர் உடம்பில் பழுது.

நம் விவசாயிகளுக்கு இதில் பாதி தெரியும். கன்றிலேயே காயடித்த மாடு கால் நீண்டு உயரமாகும், கழுத்தும் திமிலும் சிறுத்துவிடும். காயடிக்காத காளைக்குத்தான் அந்தக் கொழுத்த திமில். வாடிவாசலில் மாடுபிடிக்கிறவர்கள் தொங்குவது டெஸ்டோஸ்டிரோன் கட்டிக்கொடுத்த சதையில். கொண்டையும் திமிலும் ஹார்மோன் போனால் இறங்கிவிடும். பையனுக்கு மகரக்கட்டு உடைந்து கனத்த குரல் அப்படி இல்லை, குரல்வளை ஒருமுறை வளர்ந்தால் வளர்ந்ததுதான். தாடியும் எலும்பும் கூட ஏறத்தாழ அந்த ஜாதி. ரத்தம் நடுவில் நிற்கிறது. ரத்தசோகைக்கு உலக சுகாதார நிறுவனம் வைத்திருக்கும் கோடு, நூறு மில்லி ரத்தத்தில் ஹீமோகுளோபின் ஆணுக்கு 13 கிராம், கர்ப்பமில்லாத பெண்ணுக்கு 12. மாதவிலக்கு ஒரு காரணம். ஆண் ஹார்மோன் சிவப்பணு உற்பத்தியைத் தூண்டிவிடுவது இன்னொன்று.

ஆண் என்றால் பெரிது, அழகு, பெண் என்றால் சிறிது, சாது என்று மகள் கணக்குப் போட்டுவிட வேண்டாம். உங்கள் குஞ்சுகளைத் தூக்குகிற வல்லூறில் பெண்தான் பெரிது. குளத்தோரத்து மயில் உள்ளானில் செங்கழுத்தும் பகட்டும் பெண்ணுக்கு, அடைகாப்பது ஆண். இலைக்கோழியில் ஒரு பெண்ணுக்கு நாலைந்து கணவர்கள், எல்லாரும் வீட்டோடு. மீன் சந்தையில் வாங்குகிற கொடுவா ஆணாக வாழ்வைத் தொடங்கிப் பெரிதானபின் பெண்ணாகிறது. களவா பெண்ணாகத் தொடங்கி ஆணாகிறது. அவற்றுக்கு அது நோயும் இல்லை, சகுனமும் இல்லை, வயதுக்கு வருவது மாதிரி.

இன்னொன்று. எல்லாம் ஹார்மோன்தான் என்று நாங்கள் கல்லூரியில் படித்ததை, எடின்பரோவிலிருந்து வந்த மூன்று கோழிகள் 2010இல் கொஞ்சம் அசைத்துவிட்டன. ஒரு பாதி உடம்பு சேவல், மறு பாதி பெட்டை. ஒரு பக்கம் பெருத்த தாடியும் நெஞ்சுச் சதையும் காலில் முள்ளும், மறுபக்கம் அவை சிறியவை. இரண்டு பக்கத்திலும் ஓடுவது ஒரே ரத்தம், ஒரே ஹார்மோன். அப்படியும் ஒவ்வொரு பக்கமும் தன் குரோமோசோம் சொன்னபடி வளர்ந்திருந்தது. ஆகவே கருப்பி முழுச்சேவலின் எடையையும் எலும்பையும் எட்டவே எட்டாது. தூக்கிப் பாருங்கள், தெரியும்.

அத்தை ஊர்ப்பேச்சு பேசும்போது சொல்ல இன்னொரு சங்கதி: கோழியில் குஞ்சு ஆணா பெண்ணா என்பதை முடிவுசெய்வது தாய், ஏனென்றால் இரண்டு விதமான குரோமோசோம் அவளிடம்தான் இருக்கிறது. மனிதரில் தகப்பன். பெண்ணாகப் பெற்றாள் என்று மருமகளைக் குறைசொல்வதில் நியாயம் இருக்கிற ஒரே இடம் கோழிக்கூடு.

இனி கருப்பிக்கு என்ன செய்வது என்று பார்ப்போம். தடுப்பூசியை விட்டுவிடுங்கள், கழிச்சல் ஊசிக்கும் சினைப்பைக்கும் சம்பந்தமே இல்லை. அதை நிறுத்திய பிறகு கழிச்சல் வந்தால் ஒரே வாரத்தில் கூடு காலியாகிவிடலாம், அதனால் பக்கத்து வீட்டுக்காரர் பேச்சைக் கேட்டு அடுத்த தவணையைத் தவறவிட வேண்டாம். கருப்பியைப் பிடித்து வயிற்றைத் தடவிப் பாருங்கள். வீங்கித் தண்ணீர்ப் பை போல இருக்கிறதா, நெஞ்செலும்பு கத்திபோலத் துருத்துகிறதா, உடம்பை நிமிர்த்திக் கால் அகட்டி நடக்கிறதா, மூச்சு வாங்குகிறதா? இவற்றில் எதுவும் இல்லாமல் தீனி எடுத்து ஓடியாடித் திரிகிறது என்றால் அப்படியே விடுங்கள். அறுவை செய்து சினைப்பையைச் சரிசெய்கிற வேலையை நாட்டுக்கோழிக்கு நான் பரிந்துரைக்க மாட்டேன்.

சேவல் கோலம் தொற்றாது. ஆனால் அதற்கு அடியில் இருக்கும் நோய் தொற்றக்கூடியதாக இருக்கலாம், கோழிக் காசநோய் அப்படிப்பட்டது. கருப்பி நாளுக்கு நாள் இளைத்தால், அல்லது மற்றவையும் இளைக்கத் தொடங்கினால், உடனே தனியாகப் பஞ்சாரத்தில் கவிழ்த்துவிட்டு, பக்கத்துக் கால்நடை மருந்தகத்துக்குக் கொண்டுபோங்கள். செத்துப்போனால் குப்பையில் எறியாமல், மாவட்டத்தில் உள்ள கால்நடை நோய் புலனாய்வுப் பிரிவுக்குக் கொண்டுபோய்ப் பரிசோதிக்கச் சொல்லலாம். அப்போதுதான் மற்ற ஆறேழு கோழிகளுக்கும் என்ன செய்வது என்று தெரியும். புதிதாகச் சேவல் வாங்கி விடுவதாக இருந்தால் முதல் வாரம் கவனியுங்கள், இரண்டும் ஒன்றையொன்று கொத்திக்கொள்ளும்.

அறுத்தால் சாப்பிடலாமா என்று கேட்டீர்கள். சதைப்பிடிப்போடு சுறுசுறுப்பாக இருக்கும் கோழி என்றால், நன்றாக வேகவைத்துத் தாராளமாகச் சாப்பிடலாம். ஆண் ஹார்மோனை நினைத்து யாரும் பயப்பட வேண்டாம், இத்தனை நாள் சேவல் கறி சாப்பிட்டோமே. ஆனால் நாலு வயதுக் கோழி, குக்கர் எத்தனை விசில் அடித்தாலும் ரப்பர்தான். அறுத்துத் திறந்ததும் ஈரலிலோ மண்ணீரலிலோ குடலிலோ வெள்ளையாக, மஞ்சளாக முடிச்சுகள் தெரிந்தால் சமைக்கவே கூடாது. நாய்க்கும் போடாமல் ஆழமாகப் புதைத்துவிட்டு, கையைச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள்.

நானாக இருந்தால் வைத்திருப்பேன். காரணம் ஆசைதான், வேறு ஒன்றும் இல்லை. சினைப்பையில் வந்தது அழற்சியாக இருந்து ஆறிவிட்டால், சில கோழிகள் அடுத்த இறகு உதிர்வுக்குப் பிறகு பழைய சேலைக்கே திரும்பிவிடுவது உண்டு. இப்போதிருக்கும் கழுத்திறகு ஒன்று கீழே விழுந்தால் மகளின் நோட்டுப்புத்தகத்தில் ஒட்டித் தேதி எழுதச் சொல்லுங்கள். அடுத்த வருடம் அதே இடத்து இறகை அதன் பக்கத்தில் ஒட்டட்டும். நுனி கூரா, உருண்டையா என்று பார்த்தாலே கருப்பியின் வயிற்றுக்குள் என்ன நடந்தது என்று அவளே சொல்லிவிடுவாள். கொண்டை சுருங்கி, மூலையில் போய்ச் சுற்றிச் சுற்றிக் கேற ஆரம்பித்தால், கூட்டில் கொஞ்சம் வைக்கோல் போட்டுவையுங்கள்.